சதானந்தன் கேட்ட கேள்வி

அன்புள்ள வாத்தியாரம்மா,

உன் கடிதம் கிடைத்தது. சின்னவளுக்கு வேலை கிடைத்ததில் எனக்கு எவ்வளவு சந்தோஷம் என்று அவளிடம் சொல். உன் முழங்காலுக்கு நான் வைத்தியம் சொல்லப் போவதில்லை; சொன்னாலும் நீ கேட்கப் போவதில்லை. பெரியவர் இந்த முறையாவது திருந்துவார் என்று எழுதியிருக்கிறாய். போன கடிதத்திலும் அதையேதான் எழுதியிருந்தாய். சரி, அதை விடு.

உனக்கு இரண்டு விஷயம் எழுத வேண்டும். ஒன்று புத்தகம், இன்னொன்று அம்மா. தனித்தனியாக எழுதலாம் என்றுதான் உட்கார்ந்தேன். இரண்டும் ஒன்றையொன்று விட மாட்டேன் என்கின்றன.

முதலில் என் சண்டை. கேரல் ஷீல்ட்ஸின் 'தி ஸ்டோன் டயரீஸ்' நாவலைப் படி, படி என்று உயிரை வாங்கினாய். படித்துவிட்டு நான் அவ்வளவு எழுதினால், "பிடித்ததா, மகிழ்ச்சி" என்று முடித்துவிட்டாய். ஒரு வெண்பாவுக்கு ஒரு பீரியட் முழுக்கப் பொருள் சொல்கிறவள் எழுதுகிற பதிலா இது? அந்த மெர்ஸியைப் பற்றி உனக்குச் சொல்ல ஒன்றுமே இல்லையா? அவள் பெயரில் இருக்கிற 'ஸ்டோன்' அப்பன் வழி வந்ததுகூட இல்லை. ஸ்டோன்வால் அநாதை விடுதியில் வளர்ந்த பிள்ளைகளுக்கெல்லாம் வைத்த பொதுப்பெயர். 1905இல், கனடாவில் மனிடோபாவின் டின்டாலில், பிரசவத்தில் சாகிறாள். வயிற்றில் பிள்ளை இருப்பதே அவளுக்குத் தெரியாது, புருஷனுக்கும் தெரியாது. அவ்வளவு பருத்த உடம்பு. கணவன் கைலர் கல் வேலைக்காரன். அவள் கல்லறையைச் சுற்றிக் கல்லாகச் செதுக்கி அடுக்கி ஒரு கோபுரமே எழுப்பிவிடுகிறான். பிறந்த பெண் டெய்ஸியை வளர்ப்பவளோ பக்கத்து வீட்டு கிளாரன்டைன். செத்தவளுக்குக் கோபுரம், உயிரோடு கிடக்கிற குழந்தைக்கு அடுத்த வீட்டு மடி. எனக்கு இன்னும் ஆறவில்லை.

டின்டால் கல்லைப் பற்றித் தேடிப் படித்தேன். சுமார் 45 கோடி ஆண்டுகளுக்கு முன்னால் கடலடியில் படிந்த சுண்ணாம்புக்கல். அந்தக் காலத்துக் கடல் உயிர்கள் துளைத்துப் போன வழிகள் அதில் திட்டுத் திட்டாக அப்படியே தெரியுமாம். ஒட்டாவா நாடாளுமன்றக் கட்டடத்தின் உட்சுவர்களில் இருப்பதும் அந்தக் கல்தான். புழு போன வழியைக்கூட வைத்திருக்கிறது கல். டெய்ஸிக்கு அதுவும் இல்லை. புத்தகத்தின் நடுவே குடும்பப் புகைப்படங்கள் என்று வருகிறதே, அதில் கதைநாயகி டெய்ஸியின் படம் ஒன்றுகூடக் கிடையாது. நீ கவனித்திருப்பாய். கவனித்தும் எழுதாததுதான் என் கோபம்.

அந்தச் சூட்டோடு மார்கரெட் லாரன்ஸின் 'தி ஸ்டோன் ஏஞ்சல்' எடுத்தேன். 1964இல் வந்தது, ஷீல்ட்ஸின் நாவலுக்கு 29 ஆண்டுகள் மூத்தது. இதிலும் தாய் பிரசவத்தில் போய்விடுகிறாள். இதிலும் அவளைப் புதைத்த இடத்தில் கல் நிற்கிறது: ஒரு தேவதைச் சிலை. இத்தாலியிலிருந்து பெரும் பணம் கொடுத்து அப்பா வரவழைத்தது. மனைவி மேல் இருந்த பாசத்தைவிடத் தன் குலப்பெருமையை ஊருக்குக் காட்டும் ஆசைதான் அதில் அதிகம். சிற்பி கருவிழியைச் செதுக்காமலே விட்டதால் சிலைக்குக் கண் உண்டு, பார்வை கிடையாது. மகள் ஹேகர் தொண்ணூறு வயதில் கதையைச் சொல்கிறாள். செல்ல மகன் ஜான் செத்த இரவில் தான் கல்லாகிவிட்டதாகவும், அழவே இல்லை என்றும் சொல்கிறாள்.

அதில் ஒரு சால்வை வருகிறது. ஹேகர் சிறுபெண்ணாக இருக்கும்போது அண்ணன் டான் நிமோனியாவில் சாகக் கிடக்கிறான். இன்னொரு அண்ணன் மாட், அம்மாவின் பழைய சால்வையைக் கொண்டுவந்து, இதைப் போர்த்திக்கொண்டு அவனைக் கொஞ்ச நேரம் பிடித்துக்கொள் என்கிறான். அம்மா வந்திருக்கிறாள் என்று அவன் நினைத்துக்கொள்ளட்டும் என்பதற்காக. ஹேகரால் முடியவில்லை. தான் பார்த்தே இராத, நோஞ்சானான அந்த அம்மாவாக ஒரு நிமிஷம் இருப்பதற்கு அவள் மனம் ஒப்பவில்லை. கடைசியில் மாட் தானே சால்வையைப் போர்த்திக்கொண்டு டானை அணைத்துக்கொள்கிறான்.

இதை அம்மாவுக்குச் சொன்னேன். கண் மங்கிய பிறகு, நான் படிப்பதை ராத்திரியில் தமிழில் கதையாக அவளுக்குச் சொல்வது வழக்கமாகிவிட்டது. பாதிக் கதையில் தூங்கிவிடுவாள். அன்றைக்குத் தூங்கவில்லை.

"மாட்டேன்னுட்டாளா அந்தப் பொண்ணு?" என்று கேட்டாள். ஆமாம் என்றேன். போர்வையின் ஓரத் தையலை நகத்தால் நெருடிக்கொண்டே இருந்தாள். ஓரிடத்தில் நூல் பிரிந்திருந்தது. அதை இழுக்கவும் இல்லை, விடவும் இல்லை. அப்புறம், "உங்க அண்ணனுக்கும் உனக்கும் நடுவுல ஒருத்தன் இருந்தான்" என்றாள்.

பதினோரு நாள் இருந்திருக்கிறான். பெயர் வைக்கவில்லை. எனக்கு என்ன கேட்பது என்றே தெரியவில்லை. யார் மாதிரி இருந்தான் என்று கேட்டேன். "காது உன் காதுதான்" என்றாள். அதற்கு மேல் ஒன்றும் சொல்லவில்லை. விடிந்ததும் அவள் பேசிய முதல் வார்த்தை, "அண்ணன்கிட்ட சொல்லிடாதே."

நீ எங்கள் வீட்டிலேயே பாதி வளர்ந்தவள், உனக்குத் தெரியும். நம்மில் யார் அழுதாலும் அம்மா எழுந்து அடுத்த அறைக்குப் போய்விடுவாள். கல்நெஞ்சுக்காரி என்று உன் அத்தை வாய்விட்டே சொன்னாள், ஞாபகம் இருக்கிறதா? பெற்ற மனம் பித்து, பிள்ளை மனம் கல்லு என்று ஊரெல்லாம் சொல்லும். எங்கள் வீட்டில் அது தலைகீழ் என்றுதான் அண்ணனும் நானும் வளர்ந்தோம்.

அன்றிலிருந்து புத்தகங்களை வேறு விதமாகப் படிக்கிறேன். கல் என்று வந்தாலே இறுகிய மனம், இரக்கமில்லாத மனம் என்று பொருள் சொல்லிவிட்டுப் போகிறோமே, அது எனக்குப் போதவில்லை. இந்தக் கதைகளில் யாரோ எதையோ சொல்லாமல் விட்ட இடத்தில்தான் கல் நிற்கிறது. பக்கத்திலேயே ஒரு குழந்தையும் நிற்கிறது. நாம் கல்லையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டோம்.

அகலிகையை எடுத்துக்கொள். இது உன் பாடம், தப்பிருந்தால் திருத்து. பரிபாடலின் 19ஆம் பாடலிலேயே, திருப்பரங்குன்றத்து ஓவியத்தைக் காட்டி, கௌதமன் சினத்தால் இவள் கல்லான விதம் இது என்கிறார்கள். கம்பனிலும் அவள் கல். வால்மீகியில் மட்டும் கல்லில்லை; யார் கண்ணுக்கும் படாமல், காற்றையே உணவாகக் கொண்டு, சாம்பலில் கிடக்க வேண்டும் என்பது சாபம். 1943இல் புதுமைப்பித்தன் 'சாபவிமோசன'த்தில் அவளை இரண்டாம் முறை கல்லாக்கினார், சீதை தீயில் இறங்கிய செய்தியைக் கேட்க வைத்து. அந்தக் கதையை நாம் எத்தனை தரம் பேசியிருக்கிறோம்! அவளுக்கு ஒரு பிள்ளை உண்டு என்பதைப் பேசினோமா? சதானந்தன், ஜனகனின் புரோகிதன். வால்மீகியின் பால காண்டத்தில் விசுவாமித்திரர் ராமனோடு மிதிலைக்கு வந்ததும், மயிர்க்கூச்செறிந்து அவன் கேட்பதைப் போய்ப் படி. என் தாயை ராஜகுமாரனுக்குக் காட்டினீர்களா? அந்தத் தேவன் அவளுக்குச் செய்த தீங்கை, நடந்தது நடந்தபடி ராமனுக்குச் சொன்னீர்களா? அவள் என் தந்தையோடு சேர்ந்துவிட்டாளா?

கவனி. அம்மா செய்த பிழை என்று அவன் வாயில் வரவில்லை, தேவன் செய்த தீங்கு என்கிறான். அவனுக்கு எல்லாம் தெரிந்திருக்கிறது. எல்லாம் தெரிந்தபடியேதான் அரசனுக்குச் சடங்கு செய்துகொண்டு இருந்திருக்கிறான். கேட்கத் தக்க ஆள் ஒருவர் வரும்வரைக்கும் வாயைத் திறக்கவில்லை.

இந்த இடத்தில்தான் எனக்கு அண்ணன் ஞாபகம் வந்தது. அவனுக்கு அப்போது நான்கு வயது. வீட்டுக்குள் ஒரு தொட்டில் வந்ததும் போனதும் நான்கு வயதுப் பிள்ளைக்குத் தெரியாமலா இருக்கும்? அவனுக்கு ஒன்றும் தெரியாது என்று அம்மா இத்தனை காலம் காத்துவந்திருக்கிறாள். அம்மாவுக்குத் தெரியக் கூடாது என்று அவனும் காத்துவந்திருந்தால்? இந்த ஒரு நினைப்பு என்னைத் தூங்கவிடுவதில்லை, வாத்தியாரம்மா. ஒரே துக்கத்தை இரண்டு பேர், ஒருவருக்கொருவர் தெரியாமல், ஒரே வீட்டில்.

பிள்ளைகளுக்குக் காது உண்டு என்பதைப் பெரியவர்கள் மறந்துவிடுகிறோம். கிரிம் சகோதரர்களின் ஹேன்ஸலும் கிரெட்டலும் ராத்திரியில் தூங்காமல் கிடந்துதானே தாய் தகப்பன் பேசுவதைக் கேட்கிறார்கள்? அதற்குப் பிறகுதான் ஹேன்ஸல் நிலா வெளிச்சத்தில் வெளியே போய்ச் சட்டைப் பை நிறையக் கூழாங்கல் பொறுக்கி வருகிறான். ரொட்டித் துணுக்கைப் பறவை தின்றுவிடும், கல் வீடு வரை கொண்டுவந்து சேர்க்கும். ஆனால் அவன் வந்து சேர்கிற வீடு அதே வீடுதான், கேட்டதை மனசில் வைத்துக்கொண்டு அங்கேதான் அவன் இருந்தாக வேண்டும். இன்னொன்று தெரியுமா, 1812 பதிப்பில் பிள்ளைகளைக் காட்டில் விடச் சொல்பவள் பெற்ற தாய். 1840இல் அவளை மாற்றாந்தாய் ஆக்கிவிட்டார்கள். அச்சுக்குள்ளேயே ஒரு குடும்ப ரகசியம்.

கிரேக்கப் புராணத்து நயோபியை நான் பிள்ளைகளை இழந்து கல்லாகிப்போன தாயாக மட்டும்தான் அறிந்திருந்தேன். 'இலியட்' 24ஆம் காண்டத்தில் அக்கிலீஸ் அந்தக் கதையைச் சொல்லும்போது இன்னொன்றும் சொல்கிறான். அவள் பிள்ளைகள் பன்னிரண்டு பேரும் ஒன்பது நாள் அடக்கம் செய்ய ஆளின்றிக் கிடந்தார்கள், ஏனென்றால் ஜியூஸ் சுற்றியிருந்த மக்களையெல்லாம் கல்லாக்கியிருந்தான். பத்தாம் நாள் தேவர்களே வந்து அடக்கம் செய்கிறார்கள். அவளுக்கு முன்னால் ஊர் கல்லாகியிருக்கிறது! அம்மாவுக்கும் அப்படித்தான் நடந்திருக்கும் என்று நினைக்கிறேன். அப்பா, பாட்டி, சித்தி, யாரும் ஒரு சொல் சொல்லியிருக்க மாட்டார்கள். அவள் நல்லதுக்கு என்றே வாயை மூடியிருப்பார்கள். 'மாதொருபாக'னில் பெருமாள் முருகன் காட்டுவதும் இதுதானே? பிள்ளைக்காகப் பொன்னா, மலையுச்சி விளிம்பில் நிற்கிற வறடிக்கல்லை உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு சுற்றி வருகிறாள். அந்தக் கல் அவளை ஒன்றும் செய்யவில்லை. திருவிழா ராத்திரியில் அவள் வேறொருவனோடு சேர்ந்து பிள்ளை பெறப் புருஷன் காளி சம்மதித்துவிட்டான் என்று அவள் கூடப்பிறந்த முத்து சொன்ன பொய்தான் அந்தக் குடும்பத்தை உடைக்கிறது. அதுவும் நல்லதுக்கென்று சொன்னதுதான்.

ஆனால் எல்லாப் பொய்யும் அப்படி இல்லை. லாரன்ஸின் கடைசிப் பக்கங்களில், ஹேகர் ஒருபோதும் பொருட்படுத்தாத மகன் மார்வின் ஆஸ்பத்திரியில் அவள் கையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறான். நீ ஜானைவிட நல்ல பிள்ளையாக இருந்தாய் என்று அவனிடம் சொல்கிறாள். அவள் நெஞ்சறிய அது பொய், ஆனாலும் சொல்லிவிடுகிறாள். அன்றைக்கு டானுக்காகப் போர்த்த முடியாத சால்வையை இன்றைக்கு மார்வினுக்காகப் போர்த்திக்கொண்டாள் என்றுதான் எனக்குப் பட்டது. அழுதுவிட்டேன். அம்மா பக்கத்துக் கட்டிலில்தான் இருந்தாள். எழுந்து போகவில்லை.

அண்ணன் அடுத்த மாதம் வருகிறான். அம்மாவுக்குத் தெரிந்ததை நான் அவனிடம் சொல்வதாக இல்லை. சொல்லாதே என்று அவள் கேட்டுக்கொண்டிருக்கிறாள். ஆனால் சின்ன வயதில் வீட்டில் நடந்தது உனக்கு எதுவரைக்கும் ஞாபகம் இருக்கிறது என்று அவனைக் கேட்கலாம் அல்லவா? சதானந்தன் மாதிரி அவனும் யாராவது கேட்பதற்காகக் காத்திருக்கிறானோ என்னவோ. ஒன்றும் நினைவில்லை என்றால் அதோடு விட்டுவிடுகிறேன். இப்படிக் கேட்பது அம்மாவின் வார்த்தையை மீறுவதாகுமா? உனக்கு அவளையும் தெரியும், அவனையும் தெரியும். அவன் வருவதற்குள், பூசி மெழுகாமல் எழுது.

உன் பழைய பெஞ்சுக்காரி

பி.கு.: லாரன்ஸ் புத்தகத்தைத் தபாலில் அனுப்பிவிட்டேன். ஓரத்தில் பென்சிலால் எழுதியிருக்கிறேன், அழித்துவிடாதே. உனக்கு எங்கே மாறுபாடோ அங்கேயே எழுதித் திருப்பி அனுப்பு.