செல்விக்கு, சின்னவ விஷயமா

ஏட்டி செல்வி,

இத்தன நாளா மெசேஜ் கூட போடலன்னு திட்டணும்னா போன்ல திட்டிக்க, இப்ப விஷயம் வேற. நம்ம சின்னவளுக்கு கொச்சில ஒரு சின்ன பட்ஜெட் மலையாளப் படத்துல சான்ஸ் வந்திருக்கு, ஹீரோயினுக்கு தங்கச்சியாம். அவ அப்பா சம்பளம் கேட்டாரு, நான் லொக்கேஷன்ல பாத்ரூம் இருக்கான்னு கேட்டேன். விழுந்து விழுந்து சிரிக்கா.

சிரிக்கட்டும். மலையாள சினிமால பொம்பளைங்க படுற பாட்ட விசாரிச்ச ஹேமா கமிட்டி ரிப்போர்ட்ல இருக்குல்லா, அவுட்டோர்ல பாத்ரூம் இல்லாம பொம்பளைங்க தண்ணியே குடிக்காம அடக்கிக்கிட்டு கிடந்து இன்பெக்‌ஷன் வரைக்கும் போயிருக்கு, ஜூனியர் ஆர்ட்டிஸ்டுன்னா கேக்க நாதியே இல்ல. 2017ல ஒரு மலையாள நடிகைய கார்ல வச்சு கொடுமை பண்ணுன பிறகு, டபிள்யூசிசின்னு சினிமா பொம்பளைங்க சேந்து ஆரம்பிச்ச அமைப்புப் பொண்ணுங்க போராடி வாங்குன கமிட்டி அது. 2019 டிசம்பர்ல ரிப்போர்ட் குடுத்தாச்சு, கவர்மெண்ட் வெளிய விட்டது 2024 ஆகஸ்ட்ல, அதுவரைக்கும் அடைகாத்துட்டு இருந்தானுவ போல.

அந்த இடைவெளிலதான் 2021ல தி கிரேட் இந்தியன் கிச்சன் படம் வந்துச்சு. மொதல்ல பெரிய ஓடிடிக்காரன் எவனும் வாங்கல, நீஸ்ட்ரீம்னு ஒரு சின்னதுல போட்டு ஊரே பாத்துச்சு. ஆம்பளைங்க முருங்கக்கா சக்கைய டேபிள்லயே துப்பிட்டுப் போவானுவ, மருமகளா வாற நிமிஷா சஜயன் அத வழிச்சு எடுப்பா, அத பாத்துட்டுதான நீ உன் வீட்டுக்காரர சாப்பிட்ட தட்ட கழுவ வச்ச! அடுக்களை கொடுமைய படமா எடுக்க ஊருதான், நடிக்க வாறவளுக்கு ஒரு கக்கூஸ் கட்டல.

பி.கே. ரோஸிய நெனச்சா இன்னும் எரியுது. மலையாளத்துக்கே முதல் ஹீரோயின், தலித் பொண்ணு நாயர் வேஷம் போட்டுட்டான்னு திருவனந்தபுரம் கேபிடல் தியேட்டர்ல திரை மேல கல்லெறிஞ்சு அவளையும் விரட்டுனானுவ, லாரி ஏறி நம்ம நாகர்கோவிலுக்குத்தான் வந்தா, அந்த டிரைவரையே கட்டிக்கிட்டு ராஜம்மாளாவே இருந்து செத்தும் போனா. அவ நடிச்ச அந்த விகதகுமாரன் படத்த எடுத்த ஜே.சி. டேனியலும் நம்ம அகஸ்தீஸ்வரத்துக்காரருதான். நம்ம ஸ்கூல்ல எந்த டீச்சராவது இத சொன்னாங்களா?

2025ல நடிகை ஸ்வேதா மேனன் 'அம்மா'ங்கற மலையாள நடிகர் சங்கத்துக்கே தலைவி ஆயாச்சு, இன்னும் என்னம்மான்னு சின்னவ கேக்கா. மாறியிருக்கு, நான் இல்லங்கல. ஆனா ராத்திரி ரூம் கதவ தட்டுறதும் அந்த ரிப்போர்ட்ல இருக்கு செல்வி. அத அவகிட்ட வாய்விட்டு கேக்க முடியாமத்தான் பாத்ரூம கேட்டேன்.

துணைக்கு அப்பா அம்மா யாராச்சும் கூடவே போறாங்கன்னும் எழுதியிருக்கு, நானும் போலாம்னு இருக்கேன். உன் நாத்தனா இப்பவும் எர்ணாகுளத்துலதான இருக்கா? பத்து நாள் தங்க முடியுமான்னு கேட்டு சொல்லு, மீன்கறி நான் வச்சுத் தாறேன். சின்னவகிட்ட மட்டும் உளறிராத, உன் வாயப் பத்தி தெரியும்.

உன்
கீதா