உங்கள் விளம்பரத்துப் பெண் உங்கள் தேர்வை எழுதினால்

பெறுநர்: மேலாளர் அவர்கள், மாணவர் குறைதீர்ப்புப் பிரிவு

பொருள்: பருவத் தேர்வு பாதியில் ரத்து செய்யப்பட்டதும், என் பதிவில் 'முறைகேடு' என்று குறிக்கப்பட்டதும் தொடர்பாக

ஐயா / அம்மையீர்,

வணக்கம். உங்கள் நிறுவனத்தின் இணையவழிக் கல்வியியல் பட்டயப் படிப்பில் இரண்டாம் பருவ மாணவி நான். இதே புகாரை உங்கள் வாடிக்கையாளர் சேவைக்கு மூன்று முறை அனுப்பிவிட்டேன். மூன்று முறையும் எழுத்து மாறாமல் ஒரே பதில்: "தேர்வரின் அறையில் வேறு நபர் நடமாட்டம் பதிவாகியுள்ளது. விதிமுறைப்படி தேர்வு ரத்து செய்யப்பட்டது." அந்த வேறு நபருக்கு வயது நாலு. என் மகள்.

தேர்வு மாலை ஆறு மணிக்கு. காலை ஐந்து அல்லது இரவு பத்து கிடைக்குமா என்று முன்பே கேட்டிருந்தேன். ஸ்லாட் அது ஒன்றுதான் என்றார்கள். சரி என்று மகளை அவள் பாட்டியிடம் விட்டுவிட்டு, கதவைச் சாத்தி, அறையின் நான்கு மூலையையும் மேசைக்கு அடியையும் கேமராவில் காட்டிவிட்டு உட்கார்ந்தேன். நாற்பதாவது நிமிடம் கதவு திறந்தது. "அம்மா, ஒண்ணுக்கு வருது." திரும்பிப் பார்த்து, "பாட்டிகிட்ட போடா" என்றேன். மொத்தம் பத்து விநாடி இருக்கும். மறுபடி திரையைப் பார்த்தபோது சிவப்புக் கட்டம் ஒன்று வந்திருந்தது. அதைப் படித்து முடிப்பதற்குள் தேர்வு மூடிக்கொண்டது.

அந்த நேரத்தில் நான் எழுதிக்கொண்டிருந்த விடை எது என்று உங்களிடம் பதிவாகியிருக்கும். வீட்டிலிருந்தபடியே படித்த பெண்களைப் பற்றிய கேள்வி அது. 1873இல் பாஸ்டன் நகரில் அன்னா டிக்னர் என்ற பெண்மணி, பெண்கள் வீட்டிலிருந்தே படிப்பதற்காக ஒரு சங்கம் தொடங்கினார். புத்தகங்கள் தபாலில் போகும். கற்பிக்கிறவர்களும் பெண்களே, மாணவிகளோடு மாதாமாதம் கடிதம் எழுதிக்கொள்வார்கள். 1897 வரை நடந்த அந்தச் சங்கத்தில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட பெண்கள் படித்தார்கள். இதெல்லாம் நீங்கள் கொடுத்த பாடம்தான். கடிதத்துக்கு ஒரு நல்ல குணம் உண்டு. பிள்ளை தூங்கிய பிறகு பிரிக்கலாம், பாதி பதில் எழுதி வைத்துவிட்டு எழுந்து போகலாம். யார் கதவைத் திறந்தார்கள் என்று அது கேட்காது. இந்தக் கடைசி வரியை மட்டும் நான் விடைத்தாளில் எழுதவில்லை. எழுத விட்டிருந்தால் ஒருவேளை எழுதியிருப்பேன்.

தேர்வுக்குக் கண்காணிப்பு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஆள் மாறாட்டம் நடக்கிறது, காப்பியடிக்கிறார்கள், தெரியும். இரவெல்லாம் கண்விழித்துப் படித்தவளுக்கு மற்றவர் காப்பியடிப்பதில் உங்களைவிடக் கோபம் அதிகம் வரும். ஆனால் மென்பொருள் சந்தேகப்பட்ட இடத்தில் மனிதர் ஒருவர் பார்த்து முடிவு சொல்ல வேண்டாமா? காணொளி உங்களிடம்தான் இருக்கிறது. பத்து விநாடி ஓட்டிப் பார்த்தால் போதும். "ஒண்ணுக்கு வருது" என்பது விடைக்குறிப்பு இல்லை என்று யாருக்கும் புரிந்துவிடும். என் மூன்று கடிதங்களில் ஒன்றுக்கும் யாராவது பார்த்ததாகப் பதில் இல்லை. அதே பதிலின் அடியில் ஓர் அறிவுரை மட்டும் இருந்தது: "அடுத்த முறை இடையூறு இல்லாத தனி அறையில் அமர்ந்து எழுதவும்." எங்கள் வீட்டில் எனக்கென்று ஒரு தனி அறையும் இடையூறு இல்லாத இரண்டு மணி நேரமும் இருந்திருந்தால் நான் நேரடிக் கல்லூரிக்கே போயிருப்பேன்.

உங்கள் முகப்புப் பக்கத்தை ஒருமுறை பாருங்கள். மடியில் குழந்தை, எதிரே மடிக்கணினி, முகம் நிறையச் சிரிப்பு. மேலே 'உங்கள் வீடு, உங்கள் நேரம், உங்கள் பட்டம்' என்று எழுதியிருக்கிறது. அதைப் பார்த்துத்தான் நான் சேர்ந்தேன். அந்தப் பெண் அதே கோலத்தில் உங்கள் தேர்வை எழுதினால் முதல் நிமிடத்திலேயே பிடிபடுவாள்.

எழுத உட்கார்ந்ததால் இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். சேரும்போது வீட்டில் ஒரே ஒரு ஸ்மார்ட்போன்தான் இருந்தது, கணவருடையது. அந்த எண்ணைக் கொடுத்தேன். அப்புறம் எனக்கென்று ஒரு போன் வாங்கியதும் எண்ணை மாற்றக் கேட்டேன். மாற்ற வேண்டுமானால் பழைய எண்ணுக்கு வரும் ஓடிபியைச் சொல்ல வேண்டுமாம். அவருக்கு இரவு வேலை. நான் உள்நுழைய நேரம் கிடைக்கிற இரவு பதினொன்றுக்கு ஓடிபி அவர் சட்டைப்பையில் இருக்கும், ஐந்து நிமிடத்தில் காலாவதியாகிவிடும். இதையாவது பொறுத்துக்கொள்ளலாம். தேர்வு ரத்தான மறுநாள் உங்கள் ஊழியர் அந்த எண்ணுக்கு அழைத்து, "உங்கள் மனைவி தேர்வில் முறைகேடு செய்திருக்கிறார்" என்று அவரிடம் சொன்னதைத்தான் பொறுக்க முடியவில்லை. அவர் நல்லவர், சிரித்துவிட்டு என்னிடம் கேட்டார். எல்லா வீட்டிலும் சிரிப்பார்களா? படிப்பை நிறுத்தச் சாக்கு தேடிக்கொண்டிருக்கும் வீட்டுக்கு இப்படி ஒரு அழைப்பு போனால் அந்தப் பெண் அடுத்த பருவத்துக்குப் பணம் கட்டுவாளா? மாணவி நான். என் மதிப்பெண்ணும் என் தவறும் என்னிடம் பேச வேண்டியவை.

நேரலை வகுப்பு வருகைப் பதிவு பற்றி நீட்டி முழக்கப்போவதில்லை. ரெக்கார்டிங்கைப் பார்த்தாலும் வருகைக் கணக்கில் சேராது என்றால் அந்த ரெக்கார்டிங் எதற்கு என்பது மட்டும் எனக்கு விளங்கவில்லை.

நியாயத்துக்கு ஒன்று சொல்ல வேண்டும். என் இரண்டாம் தாள் ஆசிரியை, நான் நள்ளிரவில் அனுப்பும் குரல் பதிவுகளுக்குக் காலையில் பொறுமையாகப் பதில் அனுப்புவார். 2001இல் கெரிஸ் கிராமரே என்ற ஆய்வாளர் இணையவழியில் படிக்கும் பெண்களைப் பற்றி எழுதியதை எனக்குச் சொன்னதும் அவர்தான். சம்பள வேலை முதல் ஷிப்ட், வீட்டு வேலை இரண்டாவது, படிப்பு மூன்றாவது ஷிப்ட் என்று அதில் வருகிறதாம். கேட்டதும் எனக்குச் சிரிப்பு வந்தது, என் கால அட்டவணையை எங்கேயோ உட்கார்ந்து யாரோ எழுதி வைத்தது போல. நான் இந்தப் படிப்பை இதுவரை விடாததற்கு அந்த ஆசிரியை ஒரு காரணம். இந்தப் புகாரில் அவர் பங்கு எதுவும் இல்லை.

எனக்கு வேண்டியது இது. காணொளியை மனிதர் ஒருவர் பார்த்து, 'முறைகேடு' குறிப்பை என் பதிவிலிருந்து நீக்கி, நீக்கியதை எழுத்தில் தர வேண்டும். மறுதேர்வுக்கு நீங்கள் கேட்டிருக்கும் கட்டணத்தை நான் கட்டமாட்டேன். தேர்வை மூடியது நான் இல்லை. என் எண்ணை அடையாள அட்டையைச் சரிபார்த்து மாற்றித் தாருங்கள். என் படிப்பு பற்றி இனி என்னைத் தவிர வேறு யாரிடமும் பேச வேண்டாம் என்று உங்கள் ஊழியர்களுக்குச் சொல்லுங்கள். கூடவே ஒரு யோசனை: தேர்வின் நடுவே மூன்று நிமிடம் நிறுத்திவைக்க ஒரு பொத்தான் வைத்து, திரும்பி வந்ததும் கேள்வியை மாற்றிக் கொடுங்கள். யாரும் ஏமாற்ற முடியாது, குழந்தையும் கழிப்பறைக்குப் போய்விடும்.

பதினைந்து நாளில் பதில் வராவிட்டால் நுகர்வோர் குறைதீர் ஆணையத்துக்குப் போவேன். தேர்வு நுழைவுச்சீட்டு, சிவப்புக் கட்டத்தின் படம், உங்கள் மூன்று பதில்கள் எல்லாவற்றையும் இணைத்திருக்கிறேன். மறுதேர்வை எந்த நாளில் வைத்தாலும் சரி. நேரம் மட்டும் இரவு பத்துக்கு மேல் இருக்கட்டும்.

இப்படிக்கு,
இரண்டாம் பருவ மாணவி
(பதிவு எண் மின்னஞ்சல் தலைப்பில் உள்ளது)