கட்டியின் வயதும் வேகமும்

ஐயா,

மார்பகப் புற்றுநோய் பற்றி உங்கள் இதழில் வந்த கட்டுரை, 'விரைவில் பரவும் நோய்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டது. எந்த வகை என்று சொல்லாமல் வேகத்தைச் சொல்ல முடியாது. ஒரு கட்டி இரட்டிப்பாகச் சில வாரங்களும் ஆகலாம், ஓராண்டுக்கு மேலும் ஆகலாம். ஒரு செல் ஒரு சென்டிமீட்டர் கட்டியாக ஏறத்தாழ 30 முறை இரட்டிக்க வேண்டும். ஒவ்வொரு முறைக்கும் 100 நாள் என்று வைத்தால் எட்டு ஆண்டுகளைத் தாண்டுகிறது. எல்லாக் கட்டியும் இப்படிச் சீராக வளர்வதில்லை என்றாலும், கைக்குத் தட்டுப்படுவது பெரும்பாலும் பழைய கட்டிதான் என்பது இதிலிருந்து புரியும்.

ஈஸ்ட்ரோஜன் என்ற பெண் ஹார்மோனைப் பற்றிக்கொள்ளும் புரதம், அதாவது 'ஏற்பி', செல்லில் உள்ள கட்டிகள் பொதுவாக மெதுவாக வளரும். ஈஸ்ட்ரோஜன், புரோஜெஸ்டிரோன், ஹெர்2 என்ற மூன்று ஏற்பிகளும் இல்லாத 'டிரிப்பிள் நெகட்டிவ்' வகை வேகமானது. இளம் வயதினரிடம் கூடுதலாகக் காணப்படுவது. ஹெர்2 ஏற்பி மிகுதியாக உள்ள வகையும் மூர்க்கமானதே. ஆனால் 1998இல் ஹெர்2-ஐக் குறிவைக்கும் டிராஸ்டுசுமாப் மருந்து அமெரிக்காவில் ஒப்புதல் பெற்ற பிறகு அந்த வகையின் போக்கே மாறிவிட்டது. மருத்துவ அறிக்கையில் 'ஸ்டேஜ்' என்பது நோய் எவ்வளவு தூரம் பரவியிருக்கிறது என்பதைக் காட்டும். செல்களின் மூர்க்கத்தைக் காட்டுவது 'கிரேடு'. இரண்டையும் குழப்பிக்கொள்ளாத குடும்பங்கள் குறைவு.

ஊசி குத்தி பயாப்சி, அதாவது சோதனைக்குத் திசு மாதிரி, எடுத்தால் நோய் பரவிவிடும் என்ற பேச்சை யார் கிளப்பினார்களோ! அது வெறும் பயம். அதை நம்பி நாட்டு வைத்தியத்தில் மாதங்களைக் கழிப்பதால்தான் கட்டி அக்குளுக்குப் போகிறது. இதையும் எழுதுங்கள்.

– ஒரு வாசகி, தஞ்சாவூர்