படிப்பு வட்டத்தின் ஆண்டறிக்கை: வலைப்பின்னல்களை அளந்து பார்த்த ஆண்டு

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, செயற்குழு உறுப்பினர்களே, பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் நண்பர்களே, அனைவருக்கும் வணக்கம்.

சென்ற பொதுக்குழுவின் தீர்மானப்படி இந்த ஆண்டு முழுக்க ஒரே பொருளைப் படித்தோம்: அறிவியல் ஆய்வில் வலைப்பின்னல் மாதிரிகளும் அளவுசார் முறைகளும். நம் உறுப்பினர்களில் கல்லூரி ஆசிரியர்கள், ஆய்வு மாணவர்கள், ரயில்வேயிலும் வங்கியிலும் பணியாற்றி ஓய்வு பெற்றவர்கள் எல்லோரும் உண்டு. கூட்ட நாட்களும் வருகையும் குறிப்பேட்டில் உள்ளன; மேசையில் வைத்திருக்கிறேன், பார்த்துக்கொள்ளலாம். படித்தவற்றில் ஆய்வு செய்பவர் கைக்கு எது உதவும் என்பதை இங்கே விரிவாகச் சொல்கிறேன்.

வலைப்பின்னல் என்பது கணுக்கள் எனப்படும் புள்ளிகளும் (ஆட்கள், நிலையங்கள் போன்றவை) அவற்றைச் சேர்க்கும் இணைப்புகளும்தான். அதில் எண் கிடைப்பது மிக எளிது. நூறு கணுக்கள் உள்ள கோப்பை ஏற்றினால் நொடியில் இருபது அளவைகள் வந்து விழும். கணு எது, இணைப்பு எது, எதோடு ஒப்பிட்டு இந்த எண் பெரியது என்கிறோம் என்ற மூன்றையும் முன்கூட்டியே எழுதி வைக்காதவருக்கு அந்த இருபதில் ஒன்றுகூட உதவாது. ஆண்டு முழுவதும் எந்தப் பாடத்தை எடுத்தாலும் இந்த இடத்தில்தான் வந்து நின்றோம்.

கராத்தே கிளப்: ஒரே தரவு, மூன்று விடை

ஆய்லர் 1736-இல் கோனிக்ஸ்பர்க் நகரின் ஏழு பாலங்களைப் பற்றி எழுதியதையும், மொரீனோ 1934-இல் மாணவர் நட்பை வரைபடமாக்கியதையும் முதல் கூட்டத்திலேயே முடித்துக்கொண்டோம். பயிற்சிக்கு எடுத்தது வெய்ன் ஸாக்கரி 1977-இல் வெளியிட்ட தரவு. அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றின் கராத்தே கிளப்பில் 34 பேர். கிளப்புக்கு வெளியேயும் பழகுகிறவர்களுக்கு இடையே 78 இணைப்புகள். அச்சான அட்டவணையில் ஓர் இணைப்பு ஒரு பக்கம் இருக்கிறது, மறுபக்கம் இல்லை. அதனால் 77 என்று எடுப்பவர்களும் உண்டு; கட்டுரை எழுதுபவர் எதை எடுத்தார் என்று சொல்லிவிட வேண்டும்.

முதல் கணக்கு, நண்பனின் நண்பன் எனக்கும் நண்பனா என்பதை அளக்கும் கொத்துக்கெழு. இந்த வலைப்பின்னலில் 45 முக்கோணங்கள் இருக்கின்றன. ஒருவரை நடுவில் வைத்து இருவர் நிற்கும் மூவர் அமைப்புகள் 528. மொத்தமாகப் பார்த்தால் 3 × 45 ÷ 528, அதாவது 0.256. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகக் கண்டு சராசரி எடுத்தால் நெட்வொர்க்எக்ஸ் என்ற மென்பொருள் 0.571 தருகிறது. அதே சராசரியை ஐகிராஃப் என்ற இன்னொரு மென்பொருளில் கேட்டால் 0.588 வருகிறது. கிளப்பில் ஒருவருக்கு ஒரே ஓர் இணைப்புதான். அவரைச் சுற்றி முக்கோணமே அமைய முடியாது. ஒரு மென்பொருள் அவருக்குச் சுழி போட்டு 34-ஆல் வகுக்கிறது, மற்றது அவரை விட்டுவிட்டு 33-ஆல் வகுக்கிறது. மூன்று விடையும் சரியானவை. "கொத்துக்கெழு அதிகம்" என்று மட்டும் எழுதிய கட்டுரையை நம்ப முடியாது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

அடுத்து, இது அதிகம்தானா என்ற கேள்வி. 34 பேருக்கு 561 இணைகள் சாத்தியம்; 78-ஐ வகுத்தால் அடர்த்தி 0.139. கண்ணை மூடிக்கொண்டு 78 கோடுகளை எறிந்தால் கொத்துக்கெழுவும் ஏறக்குறைய அந்த அளவில்தான் இருக்கும். ஆனால் இது நியாயமான ஒப்பீடு ஆகாது. கிளப்பில் ஒருவருக்கு 17 இணைப்பு, இன்னொருவருக்கு 16; இவ்வளவு பெரிய கணுக்கள் இருந்தாலே முக்கோணங்கள் தாமாகக் கூடிவிடும். ஆகவே ஒவ்வொருவரின் இணைப்பு எண்ணிக்கையையும் மாற்றாமல், இரண்டு இணைப்புகளை எடுத்து முனைகளை மட்டும் இடம் மாற்றும் முறையைப் பயன்படுத்தினோம். இப்படிக் குலுக்கிய ஒரு பிரதிக்கு, இணைப்புகளைப் போல் குறைந்தது பத்து மடங்கு மாற்றங்கள் செய்வது வழக்கம், இங்கே 780. இப்படி 1000 பிரதிகள் எடுத்து, உண்மைத் தரவை எட்டியவை எத்தனை என்று எண்ணி, அதோடு ஒன்றைக் கூட்டி 1001-ஆல் வகுத்தால் பி மதிப்பு, அதாவது இவ்வளவு உயர்ந்த எண் தற்செயலாகவே வரும் வாய்ப்பு. ஒன்றைக் கூட்டாமல் விட்டால் பி மதிப்பு சுழியாகவும் வந்துவிடலாம்; அப்படி ஓர் அளவு கிடையாது.

இந்தக் கிளப் பாடக் கட்டணத் தகராறில் இரண்டாக உடைந்தது. யார் எந்தப் பக்கம் போவார் என்பதை வலைப்பின்னலைக் கொண்டே ஸாக்கரி கணித்தார். ஒருவரைத் தவிர எல்லோருக்கும் பொருந்தியது. அந்த ஒருவருக்குக் கருப்புப் பட்டைத் தேர்வுக்கு மூன்றே வாரம் இருந்தது, ஆகவே பயிற்சியாளரோடு போய்விட்டார். இணைப்புகளில் இல்லாத தகவல் அது. குழுவுக்குள் இணைப்புகள் எதிர்பார்ப்பைவிட எவ்வளவு மிகுதி என்று அளந்து குழுக்களைத் தேடும் மாடுலாரிட்டி முறையோ இந்தத் தரவில் நான்கு குழுக்களைத்தான் சிறந்தது என்கிறது, மதிப்பு 0.42. நடந்தது இரண்டாகப் பிரிந்தது. அளவை உச்சம் தொட்டதாலேயே விடை கிடைத்துவிட்டதாக எடுத்துக்கொள்ளக் கூடாது. சமவாய்ப்பில் உருவான வலைப்பின்னல்களும் கணிசமான மாடுலாரிட்டி தரும் என்று 2004-இலேயே காட்டிவிட்டார்கள். பெரிய வலைப்பின்னலில் சிறிய குழுக்கள் ஒன்றோடொன்று ஒட்டி மறைந்துவிடும் என்பது 2007-இல் ஃபோர்ட்டுனாட்டோவும் பார்த்தெலமியும் நிறுவியது. மாடுலாரிட்டியை உயர்த்திக் குழு தேடும் லூவேன் என்ற கணினி முறையில் கணுக்களின் வரிசை மாறினால் விடையும் மாறும். சில சமயம் உள்ளே துண்டுபட்டுக் கிடக்கும் குழுவைக்கூட ஒரே குழு என்று தரும். 2019-இல் வந்த லைடன் முறை அந்தக் குறையைத் தீர்த்தது. எதுவானாலும் வெவ்வேறு சமவாய்ப்புத் தொடக்க எண்களோடு நூறு முறை ஓட்டி, எந்த இருவர் எப்போதும் சேர்ந்தே வருகிறார்கள் என்று பாருங்கள்.

பலரைக் கவிழ்க்கும் மென்பொருள் சங்கதிகள் இரண்டு. ஸாக்கரி ஆட்களுக்கு 1 முதல் 34 வரை எண் கொடுத்தார். நெட்வொர்க்எக்ஸ் 0 முதல் 33 வரை கொடுக்கிறது. கட்டுரையின் ஒன்பதாம் நபரைத் தேடினால் அங்கே 8 என்று கேட்க வேண்டும். இன்னொன்று ஆபத்தானது. இணைப்பின் எடை கூடினால் நட்பு நெருக்கம் என்று நாம் நினைக்கிறோம். குறும்பாதை காணும் கட்டளையோ எடையைத் தூரமாக எடுத்துக்கொள்ளும். அப்படியே கொடுத்தால் நெருங்கிய நண்பர்கள் தொலைவில் போய் நிற்பார்கள், யார் இடையில் நிற்கிறார் என்ற கணக்கு முழுதும் தலைகீழாகும். எடையின் தலைகீழ் மதிப்பைத் தூரமாகக் கொடுக்க வேண்டும். பிழைச் செய்தி எதுவும் வராது என்பதால் இதை யாரும் கவனிப்பதில்லை.

ரயில்வே வலைப்பின்னல்

உறுப்பினர்கள் மிக ஆர்வமாகப் பேசிய பாடம் இது. கொல்கத்தா இயற்பியலாளர்கள் பரோங்கமா சென் உள்ளிட்டோர் 2003-இல் இந்திய ரயில்வேயை ஆராய்ந்தார்கள்: 579 ரயில்கள், 587 நிலையங்கள். ஒரே ரயில் இரண்டு நிலையங்களிலும் நின்றால் அவற்றுக்கிடையே இணைப்பு என்று வகுத்துக்கொண்டார்கள். சராசரித் தூரம் 2.16 வந்தது, அதாவது பெரும்பாலான பயணங்களுக்கு ஒரு முறை ரயில் மாறினால் போதும். மிக அதிகத் தூரம் 5, நான்கு மாற்றம். கொத்துக்கெழு 0.69.

தண்டவாளத்தில் அடுத்தடுத்த நிலையங்களை மட்டும் இணைத்திருந்தால் இந்த எண்கள் அடியோடு மாறியிருக்கும். தூரம் பல மடங்கு கூடியிருக்கும். இரண்டு வரையறையும் தவறில்லை. பயணியின் சிரமத்தை அளக்க முதலாவது, பாதை துண்டிக்கப்பட்டால் எது பாதிக்கும் என்று பார்க்க இரண்டாவது. முதலாவதில் ஒன்றை மறக்கக் கூடாது: 20 இடங்களில் நிற்கும் ஒரே ரயில் 190 இணைப்புகளை உண்டாக்குகிறது, அத்தனையும் முக்கோணமாகப் பின்னியவை. உயர்ந்த கொத்துக்கெழுவின் ஒரு பங்கு வரையறையிலேயே பிறந்தது. எனவே ஒப்பிடும்போது ரயில்–நிலையம் என்ற ஈரடுக்குப் பட்டியலைக் குலுக்க வேண்டும். ஒவ்வொரு ரயிலுக்கும் நிறுத்த எண்ணிக்கையும் ஒவ்வொரு நிலையத்துக்கும் ரயில் எண்ணிக்கையும் மாறக் கூடாது. ஒரே கட்டுரையில் பெயர் வரும் ஆசிரியர்களை இணைக்கும் ஆய்வுகளுக்கும், ஒரே படத்தில் நடித்த நடிகர்களை இணைக்கும் ஆய்வுகளுக்கும் இதே விதி.

கால அட்டவணையிலிருந்து தரவு தயாரிப்பவர்கள் நிலையத்தின் பெயரை விட்டு ரயில்வேயின் சுருக்கக் குறியீட்டை எடுப்பது நல்லது. "திருச்சி", "திருச்சி ஜங்ஷன்", "திருச்சிராப்பள்ளி" என்று மூன்று விதமாக உள்ளிட்டால் ஒரு பெரிய சந்திப்பு மூன்று சிறு நிலையங்களாகச் சிதறிவிடும். டிபிஜே என்ற குறியீடு ஒன்றுதான். சொல்லுக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டிருக்கும் ஓர் இடைவெளிகூடப் புதிய கணுவை உண்டாக்கும்.

அடுக்கு விதி

1999-இல் பராபாசியும் ஆல்பர்ட்டும் எழுதிய பின் எங்கு பார்த்தாலும் அடுக்கு விதி (மிகச் சில கணுக்களுக்கு ஏராளமான இணைப்பு, மற்றவற்றுக்குச் சிலவே என்ற பரவல்) தெரியத் தொடங்கியது. மடக்கைத் தாளில் புள்ளிகளை வைத்து நேர்கோடு போட்டு, சாய்வைப் படித்து முடிவு சொல்வது இன்றும் நடக்கிறது. அந்த முறை சரியில்லை என்று கிளாஸெட், ஷலீஸி, நியூமன் மூவரும் 2009-இல் விளக்கிவிட்டார்கள்: மிக அதிக இணைப்புள்ள கணுக்களின் வால் பகுதி எங்கே தொடங்குகிறது என்று கண்டு, நிகழ்தகவை உச்சமாக்கும் மதிப்பீடு செய்து, பொருத்தத்தைச் சோதித்து, மடக்கை இயல்நிலைப் பரவல் போன்ற போட்டியாளர்களோடும் ஒப்பிட வேண்டும். 2019-இல் புரோய்டோவும் கிளாஸெட்டும் ஏறத்தாழ ஆயிரம் வலைப்பின்னல்களை இப்படிச் சோதித்தபோது, வலுவான சான்று 4 விழுக்காட்டில்தான் இருந்தது. இருநூறு கணுக்களை வைத்துக்கொண்டு இந்த வாதத்தில் இறங்காமல் இருப்பதே நல்லது.

நட்பின் வழியே பரவுகிறதா?

கிறிஸ்டாகிஸும் ஃபவுலரும் 2007-இல் 12,067 பேரின் 32 ஆண்டுத் தரவைக் கொண்டு, நண்பர் பருமனானால் நமக்கும் அந்த வாய்ப்பு 57 விழுக்காடு கூடும் என்றார்கள். உலகமே பேசியது. அந்தத் தரவின் பிறப்பை எங்கள் கூட்டத்தில் நிதானமாகப் பார்த்தோம். அது அமெரிக்காவின் ஃப்ரேமிங்ஹாம் இதயநோய் ஆய்வின் தரவு; அதில் பங்கேற்றவர் முகவரி மாறினால் தேடிப் பிடிப்பதற்காக நெருங்கிய நண்பர் ஒருவர் பெயரைக் கேட்டுவைத்தார்கள். அதனால் ஒருவருக்கு பெரும்பாலும் ஒரே ஒரு நண்பர்தான் பதிவாகியிருக்கிறார். மறு ஆண்டே கோஹென்-கோல், ஃபிளெட்சர் இருவரும் இத்தகைய முறையை வேறு தரவில் செலுத்தினார்கள். முகப்பருவும் தலைவலியும் உயரமும் தொற்றுவதாக விடை வந்தது. உயரம் தொற்றாது. ஒத்தவர்கள் சேர்வதையும் சேர்ந்தவர்கள் ஒத்துப்போவதையும் வெறும் கண்காணிப்புத் தரவைக் கொண்டு பொதுவாகப் பிரிக்க முடியாது என்று ஷலீஸியும் தாமஸும் 2011-இல் காட்டினார்கள். சமூகவியல் ஆய்வு மாணவர்கள் தம் கருத்துத் தாள்களைத் திருத்திக்கொண்டது இந்தக் கூட்டத்துக்குப் பிறகுதான்; ஆண்டின் நல்ல விளைவு என்று இதையே சொல்வேன்.

உயிரியல் மாணவர்களுக்காக மரபணு ஒத்தியைபு வலைப்பின்னலையும் (சேர்ந்தே கூடிக் குறையும் மரபணுக்களை இணைப்பது) எடுத்தோம். 1000 மரபணுக்களுக்கு 4,99,500 இணைகள். தற்செயலாக வர 5 விழுக்காடு வாய்ப்பு என்ற எல்லையை வைத்தால் தொடர்பே இல்லாத நிலையிலும் சுமார் 25,000 கோடுகள் முளைக்கும். 15 சோதனை மாதிரிகளில் மட்டும் அளந்து 0.6 என்று வந்த ஒட்டுறவின் (இரண்டும் சேர்ந்து மாறும் அளவின்) 95 விழுக்காட்டு எல்லை 0.13 முதல் 0.85 வரை பரந்து கிடக்கிறது. வெட்டு எல்லையை ஒன்றோடு நிறுத்தாமல் பலவற்றில் ஓட்டிப் பார்க்கவும், அடர்த்தி வேறுபடும் இரண்டு வலைப்பின்னல்களை நேரடியாக ஒப்பிடாதிருக்கவும் அறிவுறுத்தப்பட்டது.

கணக்கும் தீர்மானங்களும்

வரவு செலவைப் பொருளாளர் தனியே வைப்பார். பைத்தான், ஆர், கெஃபி எல்லாம் இலவசம் என்பதால் மென்பொருளுக்குச் செலவில்லை.

பொதுக்குழுவின் ஒப்புதலுக்கு மூன்று தீர்மானங்கள். ஒன்று, வட்டத்தில் ஆய்வை முன்வைப்பவர் ஒரு பக்கத் தாள் நிரப்பித் தர வேண்டும்: கணு எது, இணைப்பு எது, திசையும் எடையும் உண்டா, எல்லையை எப்படி வரைந்தார், விடுபட்டவர் யார், எந்தச் சமவாய்ப்பு மாதிரியோடு ஒப்பிட்டார், மென்பொருளும் பதிப்பும். "ஐந்து நண்பர் பெயர் எழுதுக" என்று கேட்ட படிவத்தில் ஒருவர் ஐந்துக்கு மேல் குறிப்பிடவே முடியாது என்பதையும் அந்தத் தாளில் எழுத வேண்டும். இரண்டு, பெயர் நீக்கிய தரவாக இருந்தாலும் சிறு குழுக்களின் வரைபடத்தை வெளியே காட்டக் கூடாது. 34 பேர் உள்ள கிளப்பில் 17 இணைப்பு உள்ளவர் யார் என்று ஊருக்கே தெரியும். பிறரால் பெயர் சொல்லப்பட்டவரின் சம்மதத்தையும் பெற வேண்டும். மூன்று, வரும் ஆண்டில் காலத்தோடு மாறும் வலைப்பின்னல்களை எடுத்துக்கொள்வது. கெர்மாக், மெக்கென்ட்ரிக் 1927-இல் தந்த தொற்று மாதிரியிலிருந்து தொடங்கலாம் என்பது செயற்குழுவின் பரிந்துரை.

அரங்கம் தந்த பள்ளி நிர்வாகத்துக்கும், தரவுத் தாள்களை வரி வரியாகச் சரிபார்த்த இளம் உறுப்பினர்களுக்கும் நன்றி. அறிக்கையை ஏற்றுத் தருமாறு பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்