ரீமார்க் ரிசல்ட் வரலன்னா கேக்கறதுக்கு இங்கயும் சட்டம் இருக்கு

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம். ரீமார்க், அதாவது விடைத்தாள மறுபடி திருத்தறது, அதோட ரிசல்ட்ட இழுத்தடிக்கிறத பத்தி உங்க பேப்பர்ல வந்த கடிதங்கள படிச்சேன், எல்லாரும் ஆர்டிஐ போடுங்கன்னே எழுதியிருக்காங்க. சென்னைல படிக்கிற பிள்ளைக்கு அது சரி. தென்னாப்பிரிக்காவுல, டர்பன்ல படிக்கிற நம்ம பிள்ளைங்களுக்கு அது ஆகாது, ஆனா இங்க வேற ரெண்டு சட்டம் இருக்கு, சாட்ஸ்வொர்த் பக்கம் அது நிறைய வீட்டுக்கு தெரியல, அதான் எழுதறேன்.

நவம்பர்ல எக்ஸாம், அப்புறம் மார்க்கு, ரீமார்க்குக்கு காச கட்டிட்டு உக்காந்தா அதுக்குள்ள கிறிஸ்மஸ் லீவு வந்து ஆபிஸ மூடிடுவாங்க. திறந்தா ரெஜிஸ்ட்ரேஷன் தலைக்கு மேல நிக்கும், அந்த ஒரு பேப்பர் பாஸாகாம அடுத்த மாட்யூல எடுக்க முடியாது, பர்சரி (படிப்பு உதவித்தொகை) குடுக்கறவங்க ரிசல்ட் எங்கன்னு கேப்பாங்க. ஆபிஸ்ல கேட்டா "ப்ராசஸ்ல இருக்கு", அவ்வளவுதான்.

இந்த நாட்டு அரசியல் சட்டம் 33ஆவது பிரிவுல நிர்வாகம் நியாயமா நடந்துக்கணும்னு இருக்கு, அத நடைமுறைக்கு கொண்டுவந்தது 2000ல வந்த பாஜா (PAJA) சட்டம், அதாவது நிர்வாக நீதி சட்டம். அதோட 6ஆவது பிரிவுப்படி முடிவு எடுக்காம இருக்கறதையே கோர்ட்டுல கேக்கலாம். யுனிவர்சிட்டி ரூல்ல கெடு போட்டிருந்து அது தாண்டிப்போச்சா, அது போதும். கெடுவே இல்லன்னா, இவ்வளவு தாமதம் நியாயமில்லன்னு காட்டணும். கோர்ட்டு என்ன பண்ணும்னா, இந்த தேதிக்குள்ள முடிவு சொல்லுன்னு உத்தரவு போடும். 48அ 50 ஆக்கி தராது! லெக்சரர் போட்ட மார்க்குல ஜட்ஜுங்க கை வைக்க தயங்குவாங்க, அதனால மார்க்கு பத்தின சண்டைய இதுல கலக்காதீங்க, கேக்கறது தாமதத்த பத்தி மட்டும்.

ஆனா நேரா கோர்ட்டுக்கு ஓட முடியாது, உள்ள இருக்கற அப்பீல் வழிய முதல்ல முடிச்சுட்டு வான்னு அதே சட்டம் சொல்லுது. அதனால போன்ல கெஞ்சறத விட்டுட்டு ஃபாக்கல்டிக்கும் ரெஜிஸ்ட்ரார் ஆபிஸுக்கும் ஈமெயில் போடுங்க, எந்த தேதில பணம் கட்டினீங்க, ரெஜிஸ்ட்ரேஷன் எப்ப முடியுது, எதுக்குள்ள பதில் வேணும், எல்லாம் அதுல இருக்கட்டும். ரெஜிஸ்ட்ரேஷன் மூடப்போகுதுன்னு அவசர மனு போட்டா ஜட்ஜ் கேக்கற முதல் கேள்வியே இவ்வளவு நாள் என்ன பண்ணினேன்னுதான், அதுக்கு காட்ட அந்த ஈமெயில்தான் இருக்கும்.

இன்னொண்ணு பாயா (PAIA) சட்டம், அதாவது தகவல் கேக்கற சட்டம், அதுவும் 2000தான், இதுதான் இந்த நாட்டு ஆர்டிஐ மாதிரி. விடைத்தாள் காப்பி, ரீமார்க் ஃபைல் எங்க நிக்குதுங்கற ரெக்கார்டு எல்லாம் கேக்கலாம். 30 நாள்ல பதில் சொல்லணும், இன்னும் 30 நாள் வரைக்கும் நீட்டிக்கலாம், சும்மா இருந்தா மறுத்ததா அர்த்தம், அப்புறம் இந்த சட்டத்த கவனிக்கற இன்ஃபர்மேஷன் ரெகுலேட்டர்கிட்ட புகாரோட போகலாம். மனு ஃபீஸ் உண்டான்னு முதல்லயே கேட்டுக்கோங்க, காப்பி எடுக்கற காசும் கேப்பாங்க.

ஹைகோர்ட்டுன்னா செலவு பயங்கரம், அது உண்மைதான். லீகல் எய்ட்ல கேட்டுப்பாருங்க. யுனிவர்சிட்டி லா கிளினிக்கும் (சட்ட உதவி மையம்) இலவசம், ஆனா அதே யுனிவர்சிட்டி மேல கேஸ்னா அவங்க எப்படி எடுப்பாங்க? வேற யுனிவர்சிட்டி கிளினிக்க பாருங்க. அரசு அமைப்புங்க மேல வர்ற புகார விசாரிக்கற பப்ளிக் புரொடக்டர்கிட்ட புகார் குடுக்க காசே இல்ல, ஆனா அது மெதுவா நகரும், பிப்ரவரிக்குள்ள வேலை ஆகணும்னா அத மட்டும் நம்பாதீங்க.

இங்கேருந்து தமிழ்நாட்டுக்கு படிக்க போன பிள்ளைங்களுக்கும் ஒண்ணு சொல்லணும். தென்னாப்பிரிக்க பாஸ்போர்ட் வச்சிருந்தா அங்க ஆர்டிஐ போட முடியாது, 2005ஆம் வருஷ சட்டம் இந்திய குடிமக்களுக்கு மட்டும்தான். ஆனா இந்திய அரசியல் சட்டம் 226ஆவது பிரிவுல ஹைகோர்ட்டுல ரிட் போட பாஸ்போர்ட் தடையில்ல, ரிசல்ட்ட சொல்லுன்னு உத்தரவு கேக்கலாம்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
சாட்ஸ்வொர்த், டர்பன்