உதவிப் பட்டியலில் இன விகிதம் எதற்கு?

ஆசிரியர் அவர்களுக்கு,

திருகோணமலையில் தையல் மெசின் வந்தாலும் கோழிக்குஞ்சு வந்தாலும் முதலில் எழும் கேள்வி, "எங்கட ஆக்களுக்கு எத்தனை?" என்பதுதான். அண்மையில் எங்கள் பகுதிக்கு வந்த வாழ்வாதார உதவியும் தமிழர், முஸ்லிம், சிங்களவர் என்று பங்கு பிரித்தே வந்தது. எங்கள் ஒழுங்கையில் இடியப்பம் அவித்து விற்கும் முஸ்லிம் பெண்ணொருத்தி இருக்கிறார். கணவன் இல்லை. விடியப்புறமே அவருடைய விறகடுப்புப் புகை எங்கள் குசினிக்குள் வந்துவிடும். காஸ் அடுப்புக்கு எழுதிக் கொடுத்திருந்தார். "முஸ்லிம் பங்கு முடிஞ்சுது" என்றார்கள். தமிழர் பங்கில் கிடைத்த அடுப்பொன்றோ, மகன் கனடாவில் இருக்கும் வீட்டில் பெட்டி பிரிக்காமலே கிடக்கிறது. இதைச் சொன்னதற்கு நான் இனத்தைக் காட்டிக் கொடுக்கிறேனாம். சொல்லட்டும்.

விகிதம் கேட்பவர்களின் பயம் எனக்கு விளங்காமலில்லை. எங்கள் மாவட்டத்துச் சம்பூர்த் தமிழ்ச் சனம் 2006இல் யுத்தத்தால் ஊரைவிட்டு ஓடி, காணி விடுபடத் தொடங்க 2015 ஆகிவிட்டது. ஆனால் அவர்களுக்கு உதவ, கிளிவெட்டி அகதி முகாமில் கிடந்த காலமே போதுமான காரணம். இனத்தை எழுதினால் வழக்குத்தான் வரும். அம்பாறை நுரைச்சோலையில் சுனாமியில் வீடிழந்த முஸ்லிம்களுக்கென்று சவூதி கட்டிய 500 வீடுகளை இன விகிதப்படி பகிரச் சொன்னது உயர் நீதிமன்றம். அப்புறம் வருடக்கணக்காக அவை பற்றை மூடிக் கிடந்ததுதான் மிச்சம்.

அமெரிக்காவிலும் இதே இழுபறிதான். கறுப்பின, பிற சிறுபான்மை விவசாயிகளின் கடனைத் தள்ளுபடி செய்ய 2021இல் சட்டம் வந்தது. வெள்ளை விவசாயிகள் வழக்குப் போட்டார்கள், நீதிமன்றங்கள் தடுத்தன. 2022இல் அதை நீக்கிவிட்டு, அரசின் விவசாயக் கடனில் பாகுபாட்டுக்கு ஆளானவர் எவரும் விண்ணப்பிக்கலாம் என்று மாற்றினார்கள். 2024இல் 43,000 பேருக்கு மேல் பணம் கிடைத்தது. பட்ட பாதிப்பைக் கேட்டதால் உதவி போய்ச் சேர்ந்தது.

அரசு வறிய குடும்பங்களுக்குக் கொடுக்கும் அஸ்வெசும உதவிப் பணத்தில் ஆயிரம் குறை சொல்லலாம். ஆனாலும் வீடு, சொத்து, படிப்பு, நோய் என்று பார்த்துத்தான் புள்ளி போடுகிறார்கள். பட்டியலைச் சனம் பார்க்க ஒட்டி, ஆட்சேபனைக்கும் இடம் விடுகிறார்கள். வாழ்வாதார உதவிக்கும் அப்படியே செய்யட்டும். பொருள் கொடுக்க முன்னர், ஒவ்வொரு பெயருக்குப் பக்கத்திலும் தெரிவு செய்த காரணத்தை எழுதி, கிராம அலுவலர் காரியாலயச் சுவரில் இரண்டு கிழமைக்கு ஒட்டுங்கள். கனடா மகனின் வீட்டுக்கு என்ன காரணம் எழுதுவார்கள் என்று நானும் வாசித்துப் பார்க்கிறேன்.

மாதர் சங்க உறுப்பினர் ஒருவர்,
திருகோணமலை.