பெயர் ஓடி முடியட்டும்

ஓடிடி தளங்களை நடத்துவோருக்கு,

வணக்கம். என் முகத்தைப் பார்த்திருப்பீர்கள், பெயர் தெரிந்திருக்க வழியில்லை. அறுவை அரங்கிலிருந்து வெளியே வந்து உதட்டைப் பிதுக்கிவிட்டுப் போகும் டாக்டர், நாயகியை வீட்டைக் காலிபண்ணச் சொல்லும் ஆள்... 22 வருடமாக இதுதான் பிழைப்பு. வழியில் பார்ப்பவர்கள், "உங்கள எங்கயோ பாத்திருக்கேனே, பேங்க்லயா?" என்பார்கள். ஆமாம் என்றுவிடுவேன்.

வேலையைக் கொஞ்சம் சொல்கிறேன். காலை ஆறு மணிக்கு மேக்கப் போட்டு உட்கார்ந்தால் முதல் ஷாட் மாலை நான்குக்கும் வரலாம். நாயகனோடு பேசும் காட்சி என்றால் முதலில் அவர் பக்கம் எடுப்பார்கள். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று என் வசனத்தை உயிரைக் கொடுத்துப் பேசுவேன், அவருக்குக் கண்ணீர் வரவேண்டுமே. என் பக்கம் திரும்பும்போது அவர் கிளம்பியிருப்பார். ஸ்டாண்டில் ஒட்டிய டேப்பைப் பார்த்து நான் அழவேண்டும். அவருடைய வசனத்தை உதவி இயக்குநர் தம்பி ஒருவர், வருகைப் பதிவேடு வாசிப்பதுபோல வாசிப்பார். நடுவில், போன டேக்கில் எந்த வார்த்தையில் கண்ணாடியைக் கழற்றினேன், எந்தக் கையால் கழற்றினேன் என்பதும் நினைவிருக்க வேண்டும். மாறினால் எடிட்டிங்கில் ஒட்டாது. ஒட்டாவிட்டால் வெட்டுப்படப்போவது யார் என்று சொல்ல வேண்டியதில்லை. ஒரு படத்துக்கு மூன்று நாள் நடித்தேன். மிஞ்சியது கதவைத் திறக்கும் கை மட்டும். குடும்பத்தோடு போய் அந்தக் கையைப் பார்த்துவிட்டு வந்தோம்.

இதெல்லாம் தொழிலோடு வருவது, புகார் இல்லை. ஹாலிவுட்டில் சார்லஸ் லேன் என்றொருவர் இருந்தார். சிடுமூஞ்சிக் குமாஸ்தா வேடமென்றால் அவர்தான். 250 படங்களுக்கு மேல் நடித்து, 102 வயதுவரை வாழ்ந்து 2007-ல் இறந்தார். அவற்றில் பலவற்றில் அவர் பெயரே வரவில்லை. ஆஸ்கரிலும் துணை நடிப்புக்கு ஆரம்பத்தில் முழுச் சிலை தரவில்லை, விருதுப் பலகைதான். மற்றவர்களைப்போல முழுச் சிலை கிடைத்தது 1944 விழாவில்.

இப்போது எல்லோர் பெயரும் கடைசியில் ஓடுகிறது. ஓடத் தொடங்கியதுமே நீங்கள் திரையைச் சுருக்கி மூலைக்குத் தள்ளி, அடுத்த எபிசோடுக்கு ஐந்து, நான்கு, மூன்று என்று எண்ணுகிறீர்கள். எங்களுக்கு அடுத்த வேலை வருவதே, "அந்த டாக்டரா வந்தது யாருப்பா?" என்று யாராவது கேட்பதால்தான். பதில் அந்த மூலையில் எறும்பு சைஸில் போய்க்கொண்டிருக்கிறது. படத்தின் விவரப் பக்கத்திலோ நாலைந்து பெயரோடு பட்டியல் முடிந்துவிடுகிறது.

தாண்டிப் போக விரும்புகிறவர் பட்டனை அழுத்தட்டும். பார்க்க விரும்புகிறவரை ஏன் ரிமோட்டைத் தேடி ஓடவிடுகிறீர்கள்? விவரப் பக்கத்தில் முழுப் பட்டியலையும் போடுங்கள், பாத்திரத்தின் பெயரோடு. இரண்டே கோரிக்கைதான்.

போன வாரம் என் மகள் ரிமோட்டைக் கண்டுபிடிப்பதற்குள் அடுத்த எபிசோடு ஆரம்பித்துவிட்டது. என் பெயர் வர இன்னும் எட்டுப் பெயர் பாக்கி.

இப்படிக்கு,
வீட்டுக்காரர் 2